ஜிப்சமா, சுண்ணாம்பா? வயலை ஆளும் நான்கு உலோகங்களின் கதை

உரக்கடையில் இரண்டு வெள்ளைத் தூள் மூட்டைகள் அருகருகே அடுக்கியிருக்கும். ஒன்று ஜிப்சம். இன்னொன்று வேளாண் சுண்ணாம்பு. இரண்டிலும் இருப்பது கால்சியம்தான். பார்வைக்கும் பெரிய வித்தியாசம் இல்லை. ஆனால், களர் நிலத்தில் ஜிப்சம் போட்டால் நிலம் திருந்தும். சுண்ணாம்பு போட்டால் காசும் கூலியும் வீண். நீலகிரி, கொடைக்கானல் போன்ற மலைப்பகுதிகளின் புளிப்பு மண்ணில் கதை தலைகீழ். அங்கே சுண்ணாம்புதான் வேலை செய்யும். ஜிப்சம் புளிப்பைக் குறைக்காது.

இந்த ஒரு விஷயத்தைத் தெரிந்துகொள்ளாமல் ஏக்கருக்கு ஆயிரக்கணக்கில் செலவு செய்துவிட்டு, 'மண்ணே கெட்டுப்போச்சுங்க' என்று வந்து நிற்கும் விவசாயிகளை என் பணிக்காலம் முழுக்கப் பார்த்திருக்கிறேன். மண் கெட்டுப்போகவில்லை; மருந்துதான் மாறிப்போனது. எந்த மண்ணுக்கு எந்த மூட்டை என்று புரிய வேண்டுமானால், சோடியம், பொட்டாசியம், கால்சியம், மக்னீசியம் என்ற நான்கு உலோகங்களின் பிறப்பும் வளர்ப்பும் தெரிந்திருக்க வேண்டும். பிள்ளைகள் பள்ளியில் படிக்கும் பாடம்தான். அதை நம் வயல் வரப்பில் வைத்துப் பார்ப்போம்.

இரண்டு குடும்பங்கள்

வேதியியலில் 'கார உலோகங்கள்' என்று ஒரு குடும்பம் உண்டு. லித்தியம், சோடியம், பொட்டாசியம், ருபீடியம், சீசியம், பிரான்சியம் என்று ஆறு பேர். பக்கத்து வீட்டுக் குடும்பத்துக்குக் 'காரமண் உலோகங்கள்' என்று பெயர். பெரிலியம், மக்னீசியம், கால்சியம், ஸ்ட்ரான்சியம், பேரியம், ரேடியம் என்று அதிலும் ஆறு பேர்.

இவற்றில் எதையும் செம்பு மாதிரி தனி உலோகமாக மண்ணில் பார்க்க முடியாது. காற்றும் தண்ணீரும் பட்டாலே மாறிவிடும் குணம். சோடியத் துண்டைத் தண்ணீரில் போட்டால் சீறிக்கொண்டு ஓடும். பொட்டாசியம் தீப்பிடித்து எரியும். அதனால்தான் ஆய்வகத்தில் இவற்றை மண்ணெண்ணெய்க்குள் மூழ்கவைத்து வைத்திருப்பார்கள். இயற்கையில் இவை உப்பாக, கல்லாக, சாம்பலாக மட்டுமே கிடைக்கும்.

இரு குடும்பங்களுக்கும் உள்ள முக்கியமான வித்தியாசம் ஒன்றை மட்டும் மனதில் வைத்துக்கொள்ளுங்கள். கார உலோகங்களுக்கு மின்னூட்டம் ஒன்று. காரமண் உலோகங்களுக்கு இரண்டு. எளிமையாகச் சொன்னால், சோடியத்துக்கு ஒரு கை, கால்சியத்துக்கு இரண்டு கை. களர் நிலத்தின் நோயும் மருந்தும் இந்தக் கைக்கணக்கில்தான் இருக்கிறது. அதைப் பிறகு பார்ப்போம்.

அடுப்புச் சாம்பலில் ஒளிந்திருந்த உலோகம்

தழை, மணி, சாம்பல் என்று பேருரங்களுக்கு நாம் பெயர் வைத்திருக்கிறோம். பொட்டாஷுக்கு ஏன் 'சாம்பல் சத்து' என்று பெயர்? அது முதலில் சாம்பலிலிருந்து வந்ததால்தான். ஆங்கிலப் பெயருக்கும் அதே பொருள்தான். மரச் சாம்பலைத் தண்ணீரில் கரைத்து, வடிகட்டி, பானையில் ஊற்றிச் சுண்டக் காய்ச்சினால் அடியில் படியும் உப்பைப் 'பானைச் சாம்பல்' என்று அழைத்தார்கள். அதுவே பொட்டாஷ் ஆனது. சோப்பு, கண்ணாடி, வெடிமருந்து எல்லாவற்றுக்கும் அது தேவைப்பட்டது. அமெரிக்க அரசு 1790-ம் ஆண்டு வழங்கிய முதல் காப்புரிமையே பொட்டாஷ் தயாரிக்கும் முறைக்குத்தான். காரத்தைக் குறிக்கும் 'அல்கலி' என்ற சொல்லும் அரபு மொழியில் உவர்ச்செடிகளை எரித்த சாம்பலைக் குறித்த சொல்லிலிருந்து வந்ததுதான்.

சோடியத்தின் கதையும் இதேபோல் பழையது. எகிப்தில் வறண்ட ஏரிகளில் கிடைத்த 'நேட்ரான்' என்ற கார உப்பைக் கொண்டுதான் இறந்தவர்களின் உடலைப் பதப்படுத்தினார்கள். நம் ஊரில் சலவைத் தொழிலாளர்கள் துணி வெளுக்கப் பயன்படுத்திய உவர்மண்ணிலும் இதே சோடியம் கார்பனேட்தான் இருந்தது. சோப்பு வருவதற்கு முன் ஊர் துணியை வெளுத்த மண், அதே சோடியம் கூடிப்போனால் வயலைக் கெடுக்கும் மண் ஆகிறது.

இந்த உப்புகளுக்குள் உலோகம் இருக்கிறது என்பது 1807 வரை யாருக்கும் நிச்சயமாகத் தெரியாது. 1800-ம் ஆண்டு இத்தாலியைச் சேர்ந்த வோல்ட்டா மின்கலத்தை அறிவித்தார். லண்டனில் ராயல் இன்ஸ்டிட்யூஷனில் வேலை பார்த்த ஹம்ப்ரி டேவி, அந்த மின்சாரத்தைக் கொண்டு பொருட்களைப் பிரிக்க முயன்றார். பொட்டாஷைத் தண்ணீரில் கரைத்து மின்சாரம் பாய்ச்சினால் தண்ணீர்தான் பிரிந்தது. பிறகு, லேசாக ஈரம் பட்ட பொட்டாஷ் கட்டியில் நேரடியாகப் பாய்ச்சினார். பாதரசம் போல் மின்னும் சிறு உருண்டைகள் தோன்றின. சில அங்கேயே தீப்பற்றி வெடித்தன. அதுதான் பொட்டாசியம். சந்தோஷத்தில் டேவி ஆய்வகத்தில் துள்ளிக் குதித்து ஆடினார் என்று அவருக்கு உதவியாளராக இருந்த உறவினர் எழுதிவைத்திருக்கிறார். சில நாட்களிலேயே காஸ்டிக் சோடாவிலிருந்து சோடியத்தையும் பிரித்துவிட்டார்.

சுண்ணாம்புக்குள்ளும் உலோகம்

அடுத்த ஆண்டு, 1808-ல், டேவி சுண்ணாம்பைக் கையில் எடுத்தார். அது எளிதில் பிடிபடவில்லை. ஸ்வீடனைச் சேர்ந்த பெர்சீலியஸும் பான்ட்டினும் பாதரசத்தைத் துணைக்கு வைத்தால் வேலை நடக்கும் என்று கண்டிருந்தார்கள். அந்த வழியில் டேவி கால்சியம், மக்னீசியம், ஸ்ட்ரான்சியம், பேரியம் நான்கையும் பிரித்தார். இரண்டு குடும்பங்களிலும் சேர்த்து ஆறு உலோகங்களைப் பிரித்தவர் அந்த ஒரே மனிதர்.

மக்னீசியம் உப்பின் கதையில் ஒரு விவசாயி வருகிறார். இங்கிலாந்தில் எப்சம் என்ற ஊரில், 1618-ம் ஆண்டு வறட்சியில், ஒரு குட்டையில் இருந்த தண்ணீரை மாடுகள் குடிக்க மறுத்தனவாம். என்ன என்று பார்த்தபோது தண்ணீர் கசந்தது. அந்தத் தண்ணீரைக் காய்ச்சி எடுத்த உப்பு பேதி மருந்தாக நாடெங்கும் பரவியது. அந்த எப்சம் உப்புதான் இன்று பருத்திக்கும் எலுமிச்சைக்கும் நாம் தெளிக்கும் மக்னீசியம் சல்பேட்.

மற்றவர்களில் லித்தியத்தை 1817-ல் ஸ்வீடனைச் சேர்ந்த ஆர்ஃப்வெட்சன் ஒரு பாறையில் கண்டுபிடித்தார். கல் என்று பொருள்படும் கிரேக்கச் சொல்தான் அதன் பெயர். இன்று செல்போன், மின்சார வண்டி, பல பேட்டரி கைத்தெளிப்பான்கள் எல்லாம் அதை நம்பித்தான் ஓடுகின்றன. சீசியத்தை 1860-ல் ஜெர்மனியின் புன்சனும் கிர்ச்சாஃபும் ஊற்றுநீரைக் காய்ச்சி, அதன் சுடரில் தெரிந்த நீலக் கோடுகளைக் கொண்டு கண்டார்கள். உலகக் கடிகாரங்களுக்கு ஒரு நொடி என்பது எவ்வளவு என்று 1967 முதல் அளந்து சொல்வது இந்தச் சீசியம்தான். ஸ்ட்ரான்சியம் மத்தாப்புக்குச் சிவப்பு கொடுக்கும். பேரியம் பச்சை கொடுக்கும். உடலுக்கும் காற்றுக்கும் கேடு என்பதால் பட்டாசில் பேரியம் உப்புகளுக்கு உச்ச நீதிமன்றம் தடை விதித்திருக்கிறது. ரேடியத்தை 1898-ல் மேரி கியூரியும் அவர் கணவர் பியர் கியூரியும் கண்டார்கள். புற்றுநோய்க்குக் கதிர் சிகிச்சை அளிக்க அது பயன்பட்டது.

எங்கிருந்து வருகிறது?

ஜெர்மனியில் ஸ்டாஸ்ஃபுர்ட் என்ற ஊரில் 1850-களில் சமையல் உப்புக்காகச் சுரங்கம் தோண்டினார்கள். மேலே கசப்பான ஒரு உப்பு அடுக்கு குறுக்கே நின்றது. வேண்டாத உப்பு என்று அதைத் தோண்டி ஓரம் கட்டினார்கள். அதில் பொட்டாசியமும் மக்னீசியமும் நிறைந்திருந்தது பிறகுதான் தெரிந்தது. செடிக்குத் தாது உப்புகள்தான் உணவு என்று லீபிக் என்ற ஜெர்மானிய வேதியியலாளர் 1840-லேயே எழுதியிருந்தார். 1861-ல் அடால்ஃப் ஃபிராங்க் அங்கே தொழிற்சாலை தொடங்க, குப்பையாகக் கிடந்த உப்பு உரமானது. உலகின் பொட்டாஷ் உரத் தொழில் பிறந்தது இப்படித்தான்.

இன்று கனடாவின் சஸ்காட்செவன் மாநிலம், ரஷ்யா, பெலாரஸ் ஆகியவைதான் பெரிய பொட்டாஷ் நாடுகள். இஸ்ரேலும் ஜோர்டானும் சாக்கடல் நீரிலிருந்து எடுக்கின்றன. இந்தியாவில் உரத்துக்காகப் பொட்டாஷ் வெட்டும் சுரங்கம் இல்லை. நாம் போடும் மியூரியேட் ஆஃப் பொட்டாஷ் முழுவதும் கப்பலில் வருகிறது. எங்கோ போர் மூண்டால் நம் ஊர் உரக்கடையில் பொட்டாஷ் விலை ஏறுவது இதனால்தான். 2022-ல் அதைக் கண்ணால் பார்த்தோம்.

மற்ற மூன்றும் நம்மிடமே உண்டு. சோடியத்துக்குத் தூத்துக்குடி, வேதாரண்யம், மரக்காணம் உப்பளங்கள் இருக்கின்றன. உப்பு எடுத்த பிறகு மிஞ்சும் கசப்பு நீரில் மக்னீசியம் இருக்கிறது. சேலத்துச் சுண்ணாம்புக்கரடு என்று பெயர் சொன்னாலும், அங்கே வெள்ளையாகத் தெரிவது சுண்ணாம்பு இல்லை. மேக்னசைட் என்ற மக்னீசியக் கல். உலைகளுக்கு வெப்பம் தாங்கும் செங்கல் செய்ய அது போகிறது. சுண்ணாம்புக்கல்லுக்கு அரியலூர், கல்லக்குடி, விருதுநகர், திருநெல்வேலி பகுதிகள். ஜிப்சம் திருச்சி, பெரம்பலூர், அரியலூர் மாவட்ட மண்ணிலும் கிடைக்கிறது. நாட்டில் பெரும்பகுதி ராஜஸ்தானிலிருந்து வருகிறது. பாஸ்பேட் உரத் தொழிற்சாலைகளில் துணைப்பொருளாகவும் ஜிப்சம் கிடைக்கிறது.

களர் நிலத்தில் நடப்பது என்ன?

இப்போது கைக்கணக்குக்கு வருவோம்.

களிமண் துகளுக்கு எதிர் மின்னூட்டம் உண்டு. அதனால், நேர் மின்னூட்டம் கொண்ட இந்த உலோக அயனிகளைத் தன்மேல் ஒட்டவைத்துக்கொள்ளும். இரண்டு கை உள்ள கால்சியம் ஒட்டினால், துகள்களைப் பிடித்துச் சேர்த்துவைக்கும். மண் பொலபொலவென்று குருணை குருணையாக இருக்கும். காற்றும் நீரும் வேரும் உள்ளே போகும். ஒரு கை உள்ள சோடியமோ தன்னைச் சுற்றித் தண்ணீரைச் சேர்த்துக்கொண்டு துகள்களைத் தள்ளிவைக்கும். மண் கரைந்து சேறாகும்; துளைகள் அடைபடும். மழை பெய்தால் தண்ணீர் இறங்காது. காய்ந்தால் பாறைபோல் இறுகும். விதை முளைத்தாலும் நாற்று வெளியே வர முடியாது. இதுதான் களர் நிலம்.

ஆய்வகக் கணக்கில், பி.ஹெச். எனப்படும் கார அமில நிலை 8.5-க்கு மேல், மாற்றுச் சோடியம் 15 சதவீதத்துக்கு மேல் இருந்தால் களர். மின்கடத்தும் திறன் 4 டெசிசீமனுக்கு மேல் இருந்து, கார அமில நிலை 8.5-க்குக் கீழ் இருந்தால் உவர். இரண்டும் சேர்ந்தால் களர்-உவர். உவர் நிலத்தில் வெள்ளையாக உப்புப் பூக்கும். அதற்கு ஜிப்சம் தேவையில்லை. வடிகால் எடுத்து நல்ல தண்ணீரால் உப்பைக் கழுவினாலே போதும். களர் நிலத்தை வெறும் தண்ணீரால் கழுவினால் இன்னும் மோசமாகும்.

வீட்டிலேயே ஒரு சோதனை செய்து பாருங்கள். இரண்டு கண்ணாடி டம்ளரில் மழைநீர் பிடியுங்கள். வயலில் எடுத்த, நன்றாகக் காய்ந்த சுண்டைக்காய் அளவு மண்கட்டியை ஒவ்வொன்றிலும் மெதுவாகப் போடுங்கள். கலக்கக் கூடாது. சில மணி நேரத்தில் கட்டியைச் சுற்றிப் பால்போல் கலங்கல் பரவினால் சோடியம் கூடியிருக்கிறது என்று சந்தேகப்படலாம். இப்போது இரண்டையும் நன்றாகக் கலக்கி, ஒன்றில் மட்டும் ஒரு சிட்டிகை ஜிப்சம் சேர்த்துக் கலக்கி வையுங்கள். ஜிப்சம் போட்டது சீக்கிரம் தெளிந்து, மற்றது கலங்கலாகவே நின்றால், உங்கள் மண் ஜிப்சம் கேட்கிறது என்று பொருள். எவ்வளவு என்பதை மண் பரிசோதனைதான் சொல்லும்.

சரி, சுண்ணாம்பு ஏன் வேலை செய்யாது? அதிலும் கால்சியம்தானே? வேளாண் சுண்ணாம்பு கால்சியம் கார்பனேட். புளிப்பு இருந்தால்தான் அது கரையும். கார அமில நிலை 8.5-க்கு மேல் உள்ள மண்ணில் கல்லாகவே கிடக்கும். கரையாத கால்சியத்தால் சோடியத்தை விரட்ட முடியாது. ஜிப்சம் கால்சியம் சல்பேட். எந்த மண்ணிலும் ஓரளவு கரையும். கரைந்த கால்சியம் களிமண்ணில் உட்கார்ந்து, சோடியத்தைத் தள்ளிவிடும். வெளியேறிய சோடியம் சல்பேட்டாகித் தண்ணீரில் கரைந்து வடிகாலில் போய்விடும். 'வடிகாலில் போய்விடும்' என்பதைக் கவனியுங்கள். வடிகால் இல்லாமல் ஜிப்சம் போடுவது, குப்பையைக் கூட்டி வீட்டுக்குள்ளேயே குவிப்பது மாதிரி.

சீர்திருத்தம், படிப்படியாக

1. கோடையில் உழுது, வயலைச் சமன் செய்து, சிறு பாத்திகளாக வரப்புக் கட்டவும். வடிகால் வாய்க்கால் முதலில் எடுக்கவும்.

2. மண் பரிசோதனையில் சொல்லும் ஜிப்சம் தேவையில் 50 சதவீதம் நெல்லுக்குப் போதும். ஈரத்தில் சீராகத் தூவி மேல் மண்ணில் கலக்கவும். ஆழமாக உழுது புதைக்க வேண்டாம்.

3. நல்ல தண்ணீர் பாய்ச்சி ஒரு நாள் தேக்கிவைத்து வடிக்கவும். இப்படி மூன்று, நான்கு முறை செய்யவும்.

4. தக்கைப்பூண்டு ஏக்கருக்கு 20 கிலோ விதைத்து, 45 நாட்களில் பூக்கும் முன் மடக்கி உழவும். களரைத் தாங்கி வளரும் செடி இது. இதன் வேர் மண்ணைத் திறக்கும்; மக்கும்போது வரும் அமிலம், மண்ணில் ஏற்கெனவே கிடக்கும் சுண்ணாம்பைக் கரைத்துக் கொடுக்கும்.

5. முதல் பயிராக நெல் வையுங்கள். திருச்சி வேளாண்மைக் கல்லூரியிலிருந்து வந்த திருச்சி 1, திருச்சி 3 ரகங்களும், கோ 43-ம் களரைத் தாங்கும். துத்தநாக சல்பேட் சாதாரண நிலத்துக்கு ஏக்கருக்கு 10 கிலோ என்றால், களருக்கு 15 கிலோ. தழைச்சத்தும் 25 சதவீதம் கூடுதலாகத் தேவைப்படும்.

ஒரே ஆண்டில் நிலம் முழுதாகத் திருந்திவிடாது. ஆனால், இரண்டாம் ஆண்டு தண்ணீர் இறங்குவதை நீங்களே பார்ப்பீர்கள். புதிய கட்டளை மேட்டு வாய்க்கால் பாசனப் பகுதியில் இப்படித் திருந்திய வயல்கள் இருக்கின்றன. களர் என்று சொல்லி அடிமாட்டு விலைக்கு நிலத்தை விற்கும் முன், இந்த ஐந்து படியையும் ஒருமுறை எண்ணிப்பாருங்கள்.

பயிருக்குள் என்ன வேலை?

சோடியம் பெரும்பாலான பயிர்களுக்குக் கட்டாயத் தேவையில்லை. மற்ற மூன்றும் இல்லாமல் பயிர் இல்லை.

பொட்டாசியம் இலைத் துளைகளைத் திறந்து மூடும் வாயிற்காப்போன். சாறு ஓட்டத்துக்கும், மணி பிடிக்கவும், வறட்சி, நோய் தாங்கவும் அதுதான் வேண்டும். குறைந்தால் அடி இலையின் ஓரம் கருகும். நெற்பயிர் எடுக்கும் பொட்டாசியத்தில் பெரும்பகுதி வைக்கோலில்தான் தங்குகிறது. வைக்கோலை முழுவதும் விற்றுவிட்டு மாட்டுச் சாணமும் வயலுக்குத் திரும்பவில்லை என்றால், கனடாவிலிருந்து வந்த சத்தை லாரியில் ஏற்றி அனுப்புகிறோம் என்று பொருள்.

கால்சியம் செல் சுவரைக் கட்டும் சுண்ணாம்பு. இலைக்குப் போனது கனிக்குத் திரும்பி வராது. இதனால்தான் நிலக்கடலைக்கு ஜிப்சம் முக்கியம். மண்ணுக்குள் இறங்கிய விழுதும் காயும் தமக்கு வேண்டிய கால்சியத்தை நேரடியாகச் சுற்றியுள்ள மண்ணிலிருந்துதான் உறிஞ்ச வேண்டும். விதைத்த 40 முதல் 45-ம் நாளில், ஏக்கருக்கு 160 கிலோ ஜிப்சம் செடியோரம் போட்டு மண் அணைத்தால் பொக்குக் காய் குறையும். தக்காளியின் அடிப்பகுதி கறுத்து அழுகுவதும் கால்சியக் குறைதான். ஒரு வாரம் காயவிட்டு, மறுவாரம் நிறையத் தண்ணீர் விட்டால் அந்தச் சேதம் கூடும்.

மக்னீசியம் பச்சையத்தின் நடுவில் உட்கார்ந்திருக்கும் அணு. குறைந்தால் முதிர்ந்த இலையில் நரம்பு பச்சையாக இருக்க, இடைப்பகுதி வெளுக்கும், பருத்தியில் சிவக்கும். லிட்டருக்கு 10 கிராம் மக்னீசியம் சல்பேட் கரைத்துத் தெளிக்கலாம். ஒரு எச்சரிக்கை: பொட்டாஷை அளவுக்கு மீறிக் கொட்டினால் பயிர் மக்னீசியம் எடுப்பது குறையும். அதனால், 'எதற்கும் இருக்கட்டும்' என்று கூடுதலாக ஒரு மூட்டை போடாதீர்கள்.

வாசகர் கேள்விகள்

சிவப்பு பொட்டாஷ் நல்லதா, வெள்ளை பொட்டாஷ் நல்லதா ஐயா?

இரண்டிலும் சத்து ஏறத்தாழ ஒன்றுதான், 60 சதவீதம். சுரங்கத்தில் சிறிதளவு இரும்புத் துரு கலந்திருப்பதால் சிவப்பு. சொட்டுநீரில் விடுவதற்கு மட்டும், வண்டல் இல்லாமல் கரையும் வெள்ளை நல்லது. சிவப்பு கூடுதல் சக்தி என்று யாராவது அதிக விலை சொன்னால் வாங்காதீர்கள்.

பொட்டாஷ் விலை கட்டுபடியாகவில்லை. அடுப்புச் சாம்பலும், சர்க்கரை ஆலையிலிருந்து வரும் பொட்டாஷும் போதுமா?

சர்க்கரை ஆலைக் கழிவுப்பாகிலிருந்து எடுக்கும் பொட்டாஷில் குறைந்தது 14.5 சதவீதம் சத்து இருக்க வேண்டும் என்பது விதி. கணக்குப் போடுங்கள். 50 கிலோ மியூரியேட் மூட்டையில் 30 கிலோ சத்து. இதில் 50 கிலோவுக்கு 7.25 கிலோ. ஒரு மூட்டைக்கு ஈடாக நான்கு மூட்டைக்கு மேல் வேண்டும். எனவே மூட்டை விலையைப் பார்க்காமல், ஒரு கிலோ சத்து என்ன விலை என்று வகுத்துப் பாருங்கள்.

மரச் சாம்பலில் 5 சதவீதம் சத்து என்று வைத்தால், 100 கிலோவுக்கு 5 கிலோதான். வீட்டுத் தோட்டத்துக்கும் வாழைக்கும் நல்லது. மழையில் நனையவிட்டால் சத்து கரைந்து ஓடிவிடும், மூடி வையுங்கள். யூரியாவுடனோ, அமோனியம் சல்பேட்டுடனோ, ஈரச் சாணத்துடனோ கலக்காதீர்கள். தழைச்சத்து அமோனியாவாகப் பறந்துவிடும். சாம்பல் கார குணம் உள்ளது. களர் நிலத்தில் போடவே கூடாது.

எங்கள் போர் தண்ணீரில் சோப்பு நன்றாக நுரைக்கிறது. பருப்பும் சீக்கிரம் வேகிறது. ஆனால், பாய்ச்சப் பாய்ச்ச வயல் கெட்டிப்படுகிறதே?

நல்ல கேள்வி. சமையலுக்கு நல்ல தண்ணீர் எல்லாம் வயலுக்கு நல்ல தண்ணீர் என்று நினைக்கக் கூடாது. கால்சியமும் மக்னீசியமும் அதிகமான தண்ணீரில் சோப்பு நுரைக்காது, பருப்பு வேகாது. உங்கள் தண்ணீரில் அவை குறைவு. கூடவே சோடியம் பைகார்பனேட் அதிகம் இருக்கலாம். அப்படிப்பட்ட தண்ணீர், மண்ணில் உள்ள கால்சியத்தைச் சுண்ணாம்பாகப் படியவைத்துவிட்டு அந்த இடத்தில் சோடியத்தை உட்காரவைக்கும். ஆண்டுக்கணக்கில் பாய்ச்சினால் நல்ல நிலமும் களராகிவிடும்.

தண்ணீரைப் பரிசோதித்து, எஞ்சிய சோடியம் கார்பனேட் அளவு கேளுங்கள். லிட்டருக்கு 1.25 மில்லி ஈக்விவலன்ட்டுக்குக் கீழ் என்றால் பயமில்லை. 2.5-க்கு மேல் என்றால் அப்படியே பாய்ச்சக் கூடாது. பாசனத் தொட்டியில் ஜிப்சம் கட்டிகளை நிரப்பி, தண்ணீரை அதன் வழியே விட்டுப் பாய்ச்சலாம். மழைநீர், வாய்க்கால் தண்ணீர் கிடைக்கும்போது மாற்றி மாற்றிப் பாய்ச்சுவதும் உதவும்.

தென்னைக்குக் கல் உப்பு போடலாமா?

தென்னைக்குக் குளோரின் தேவை உண்டு என்பது உண்மைதான். ஆனால், மியூரியேட் ஆஃப் பொட்டாஷிலேயே பாதிக்கு அருகில் குளோரின் இருக்கிறது. பொட்டாஷ் போடுகிற தோப்புக்குத் தனியாக உப்பு வேண்டாம். களிமண் நிலத்தில் ஆண்டுதோறும் உப்புக் கொட்டினால், மேலே சொன்ன சோடியத் தொல்லையை நாமே காசு கொடுத்து வரவழைப்பது ஆகும்.

போர்டோ கலவைக்கு எந்தச் சுண்ணாம்பு?

நீற்றுச் சுண்ணாம்பு. ஒரு சதவீதக் கலவைக்கு ஒரு கிலோ மயில்துத்தம், ஒரு கிலோ சுண்ணாம்பு, 100 லிட்டர் தண்ணீர். இரண்டையும் தனித்தனியே மண் அல்லது பிளாஸ்டிக் பாத்திரத்தில் கரைத்து, துத்தக் கரைசலைச் சுண்ணாம்புக் கரைசலில் ஊற்றவும். இரும்புக் கத்தியை நனைத்துப் பார்க்கும்போது செம்பு நிறம் படிந்தால், இன்னும் கொஞ்சம் சுண்ணாம்பு சேர்க்கவும். சுட்ட கல் சுண்ணாம்பை நீற்றும்போது கொதித்துத் தெறிக்கும். பிள்ளைகளை அருகில் விடாதீர்கள், கண்ணைக் காத்துக்கொள்ளுங்கள்.

கன்று ஈன்ற மறுநாள் கறவை மாடு எழ முடியாமல் கழுத்தை மடித்துப் படுத்துவிட்டது. ஏன்?

பால் காய்ச்சலாக இருக்க வாய்ப்பு அதிகம். பெயர்தான் காய்ச்சல், உடம்பு குளிர்ந்துபோகும். சீம்பாலுக்கு ஒரேயடியாகக் கால்சியம் போவதால் இரத்தத்தில் அளவு இறங்கிவிடும். உடனே கால்நடை மருத்துவரை அழையுங்கள். நரம்பு வழியாகக் கால்சியம் ஏற்றினால் பல மாடுகள் சில மணி நேரத்திலேயே எழுந்துவிடும். தாமதித்தால் மாட்டை இழக்க நேரிடும். மருத்துவர் வரும்வரை மார்பு தரையில் படும்படி நிமிர்த்தி வையுங்கள். வாயில் எதையும் ஊற்றாதீர்கள், நுரையீரலுக்குள் போய்விடும்.

மாம்பழத்தைக் கார்பைடு கல் வைத்துப் பழுக்கவைக்கலாமா?

கூடாது, சட்டப்படி தடை உண்டு. கால்சியம் கார்பைடில் ஆர்சனிக், பாஸ்பரஸ் கலப்பு இருக்கும். வைக்கோல் மூட்டம் போடலாம். வியாபார அளவில் செய்வோருக்கு எத்திலீன் வாயு அறை அனுமதிக்கப்பட்ட முறை.

மண்ணும் தண்ணீரும் எப்படி எடுப்பது?

அறுவடை முடிந்து, உரம் போடும் முன் எடுங்கள். ஒரே மாதிரியான வயலில் 10 முதல் 15 இடங்களில், 'வி' வடிவில் 15 சென்டிமீட்டர் குழி எடுத்து, ஓரத்தைச் சீவி மண் சேகரிக்கவும். வரப்பு, மர நிழல், எருக்குவியல் கிடந்த இடம் வேண்டாம். கலந்து, நான்காகப் பிரித்து, எதிர் எதிர்ப் பகுதிகளைக் கழித்து, அரைக் கிலோ வரும்வரை குறைத்து நிழலில் உலர்த்தவும். தண்ணீருக்கு, மோட்டாரைக் கால் மணி நேரம் ஓடவிட்டு, சுத்தமான ஒரு லிட்டர் பாட்டிலை அதே தண்ணீரால் கழுவி, வாய்வரை நிரப்பி மூடுங்கள். வட்டார வேளாண்மை விரிவாக்க மையத்தில் கொடுத்தால் ஆய்வகத்துக்குப் போகும். முடிவு வந்ததும் கார அமில நிலையை முதலில் பாருங்கள். அந்த ஒரு எண்ணைத் தெரிந்துகொண்ட பிறகு உரக்கடைக்குப் போங்கள். ஜிப்சம் மூட்டையா, சுண்ணாம்பு மூட்டையா என்று கடைக்காரரிடம் கேட்க வேண்டியிருக்காது.